எடுத்தாச்சு

அம்மா செத்த அன்று காலையிலிருந்து போன் அடித்துக்கொண்டே இருந்தது. கூப்பிட்டவர்கள் எல்லோரும் கேட்டது ஒரே கேள்விதான். "எப்பங்க எடுக்கிறீங்க?"

எங்கள் பக்கம் சாவு விழுந்த வீட்டில் இதைத்தான் முதலில் கேட்பார்கள். பிணம் என்ற சொல்லை யாரும் வாயால் சொல்வதில்லை. எடுக்கிறது என்றால் எதை என்று எல்லோருக்கும் தெரியும். வேலைக்கு லீவு சொல்லி, பஸ் பிடித்து, மாலை வாங்கிக்கொண்டு வந்து சேர வேண்டுமே, அதற்காகக் கேட்கிறார்கள். "மூணு மணிக்குங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். அண்ணன் சொல்லச் சொன்ன நேரம் அது.

என் தொழிலிலும் இதே கேள்விதான். எங்கே எடுக்கிறீங்க, எப்ப எடுக்கிறீங்க, எடுத்தாச்சா. நான் படம் எடுப்பவள். அதனால் நடுவில் வந்த ஒரு போனுக்கு என் வாய் அதன் போக்கில், "வெளிச்சம் கொஞ்சம் சாயட்டுங்க, அப்ப எடுத்தாத்தான் நல்லா இருக்கும்" என்று சொல்லிவிட்டது. அந்தப் பக்கம் இருந்தவர் அரும்பாவூர்ச் சித்தப்பா. "அதுவும் சரிதாம்மா, வெயில் தாழட்டும்" என்று வைத்துவிட்டார். நான் சொன்னதில் அவருக்கு ஒரு கோளாறும் தெரியவில்லை. எனக்கும் போனை வைத்து வெகுநேரம் கழித்துத்தான் உறைத்தது.

உறைத்த பிறகும் ஒன்றும் ஆகவில்லை. சிரிப்பும் வரவில்லை, அழுகையும் வரவில்லை. பல் பிடுங்க ஊசி போட்ட பிறகு கன்னத்தைத் தொட்டால் யாருடைய கன்னத்தையோ தொடுவது போல இருக்குமே, எனக்கு உடம்பு முழுக்க அப்படி இருந்தது. வந்த பெண்கள் என் கழுத்தைக் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைத்தார்கள். நான் அவர்கள் முதுகைத் தட்டிக்கொடுத்தேன். "எப்புடிக் கல்லாட்டம் ஒக்காந்திருக்கு பாரு" என்று யாரோ சொன்னது காதில் விழுந்தது. சொன்னதில் தப்பில்லை.

நான் எடுப்பதைப் படம் என்று சொன்னால் எங்கள் ஊரில் அடிக்க வருவார்கள். கதை கிடையாது, பாட்டு கிடையாது, நடிப்பதற்கு ஆள் கிடையாது. காமிராவை ஸ்டாண்டில் நிறுத்தி ஓர் இடத்தைப் பார்க்க வைத்துவிட்டு நான் ஒதுங்கி உட்கார்ந்துகொள்வேன். அதை ஆட்டுவதில்லை, திருப்புவதில்லை. பெரம்பலூர்ப் பக்கம் பாதி ரோட்டை அடைத்து மக்காச்சோளம் காயப்போடுவார்கள். அதை ஒரு பகல் முழுக்க எடுத்தேன். பஸ்காரர் ஹாரன் அடிப்பார், பைக்கில் போகிறவர் திட்டுவார், சோளம் பாட்டுக்குக் காயும். படம் அவ்வளவுதான். அரியலூரில் சிமெண்ட் லாரிகள் போகிற ரோட்டோரம் ஒரு வேப்பமரம், இலையெல்லாம் தூசி ஏறிச் சாம்பல் நிறத்தில் நின்றது. மழை வருகிற வரைக்கும் தினமும் போய்க் காத்திருந்து, மழை அதைக் கழுவிப் பச்சையாக்குவதை எடுத்தேன். அந்த ரோட்டில் சுண்ணாம்புக்கல் லாரி ஓட்டுகிறவன் என் அண்ணன். "இந்த மரத்தையா எடுக்கிற? இதை நான் தெனம் ரெண்டு வாட்டி பாக்கிறனே, என்னைய வெச்சி எடுத்திருந்தா லாரியாச்சும் வந்திருக்கும்" என்றான்.

பிழைப்புக்குக் கல்யாண வீடியோ எடிட் பண்ணுகிறேன். பெரம்பலூர் டவுனில் ஒரு ஸ்டுடியோவின் மாடியறையில் வேலை, அங்கிருந்து நடக்கிற தூரத்தில் வாடகைக்கு ஒரு ரூம். ஸ்டுடியோ முதலாளி நல்ல மனுஷர். ஒருமுறை என் படம் ஒன்றைப் பொறுமையாக உட்கார்ந்து பார்த்தார். "ஏம்மா, இது எப்ப ஆரம்பிக்கும்?" என்று கேட்டார். "முடிஞ்சிருச்சு சார்" என்றேன். அதற்குப் பிறகு அவர் என் படத்தைப் பற்றிப் பேச்செடுப்பதில்லை.

முகத்தை எடுப்பதில்லை என்பது நான் எனக்கு வைத்துக்கொண்ட சட்டம். கல்யாண வீடியோ கற்றுக்கொடுத்த சட்டம் அது. காமிராவைக் கண்டதும் நம் ஜனங்கள் ஒரு முகத்தை எடுத்து மாட்டிக்கொள்வார்கள். பேச்சை நிறுத்தி, கையைத் தொடையோடு ஒட்டி, மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். காமிரா நகர்ந்ததும் அதைக் கழற்றிவிட்டு, பந்தியில் யாருக்கு வடை வரவில்லை என்ற சண்டையைத் தொடர்வார்கள். அந்த மாட்டிய முகங்களைத்தான் நான் காலை முதல் சாயங்காலம் வரை வெட்டி, ஒட்டி, ஸ்லோமோஷன் ஆக்கி, மேலே ரோஜா இதழ் தூவுகிறேன். என் சொந்தப் படத்திலும் அதைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. கைக்கு நடிக்கத் தெரியாது, முதுகுக்கு நடிக்கத் தெரியாது. வெளியூரில் என் படத்தைத் திரையிட்டபோது இதையே இன்னும் பெரிய வார்த்தைகளில் சொல்லிக் கைதட்டு வாங்கினேன். சொன்னதை இப்போதும் நம்புகிறேன்.

இந்தச் சட்டத்தில் மாட்டிக்கொண்டது அம்மா.

எங்கள் வீடு உடையார்பாளையத்துக்குப் பக்கத்தில். நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருக்கும்போதே அப்பா போய்விட்டார். முந்திரிக்கொட்டை உடைத்துத்தான் அம்மா எங்களை வளர்த்தாள். நான் ஊருக்குப் போகும்போதெல்லாம் காமிராவும் கூட வரும். ஸ்டாண்டின் காலை இழுத்து விரிக்கிற சத்தம் கேட்டால் போதும், அம்மா கையிலிருந்த வேலையைப் போட்டுவிட்டு எழுந்துவிடுவாள்.

"எடுக்கிறியா? இரு, மூஞ்சி கழுவிட்டு வந்துடறேன்."

"வேணாம்மா. நீ பாட்டுக்கு வேலையைப் பாரு. நீ வேலை செய்யறதைத்தான் எடுக்கணும்."

"நல்லாருக்குடி! போட்டா எடுக்கறப்ப அழுக்கு மூஞ்சியோடயா நிப்பாங்க?"

போய்விடுவாள். கொல்லையில் தண்ணீர் மொள்ளும் சத்தம் கேட்கும். அப்புறம் பவுடர் டப்பாவை உள்ளங்கையில் தட்டும் சத்தம். சேலையும் மாற்றிக்கொண்டு வந்து, காமிராவுக்கு நேராக விறைப்பாக நிற்பாள். அதற்குள் நான் எனக்கு வேண்டியதை எடுத்து முடித்திருப்பேன். அவள் போட்டுவிட்டுப் போன சுத்தி, பாதி உடைந்த கொட்டை, ஆள் எழுந்துபோன மணை, பின்னால் திறந்து கிடக்கும் கொல்லைக் கதவு. ஆள் இல்லாத இடத்தில் ஆள் இருந்த சுவடு எனக்குப் பிடிக்கும்.

"எடுத்தாச்சா?" என்பாள்.

"எடுத்தாச்சும்மா."

"நான் வரதுக்குள்ளயா?"

நான் ஸ்டாண்டை மடக்கிக்கொண்டிருப்பேன்.

ஒரு தடவை மட்டும், காமிரா ஓடவில்லை, சும்மா வைத்திருக்கிறேன் என்று சொல்லி ஏமாற்றி அவள் கைகளை எடுத்தேன். கொட்டையின் எண்ணெய் பட்டுப் பட்டுக் கறுத்த விரல்கள். கொட்டையை நிமிர்த்திப் பிடிக்கும், ஒரு தட்டு தட்டும், உள்ளே பருப்பு நசுங்காமல் வெளியே வரும், அடுத்த கொட்டை. வெளியூர் போன படம் அதுதான். திரும்பி வந்து லேப்டாப்பில் அம்மாவுக்குக் காட்டினேன். கண்ணை எடுக்காமல் கடைசி வரைக்கும் பார்த்தாள்.

"கழுவாத கையி" என்றாள். "மூஞ்சி எப்ப வரும்?"

"மூஞ்சி வராதும்மா, அவ்வளவுதான் படம்."

"எப்பத்தாண்டி என்னைய எடுப்ப?"

"எடுக்கறேன், எடுக்கறேன்" என்றேன். பேச்சு முடிந்தால் போதும் என்று சொன்னதுதான்.

அதற்கு அடுத்த வருஷம் ஒரு விடியற்காலையில் அம்மாவுக்கு நெஞ்சு வலித்தது. அண்ணன் காரில் தூக்கிப் போட்டுக்கொண்டு அரியலூருக்குப் பறந்தான். வழியிலேயே முடிந்துவிட்டது. நான் பெரம்பலூரிலிருந்து பஸ்ஸில் வந்து இறங்கியபோது பந்தல்காரர் சாமியானாவுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார்.

மதியத்துக்கு மேல் அம்மாவை ஐஸ் பெட்டியிலிருந்து இறக்கிக் குளிப்பாட்டினார்கள். மூஞ்சி கழுவினார்கள். புதுச்சேலை உடுத்தி நெற்றியில் திருநீறு பூசினார்கள். அண்ணி உள்ளே ஓடிப்போய் அந்தப் பவுடர் டப்பாவை எடுத்து வந்தார். "அதுக்குப் பவுடர் இல்லாம வெளியில வரப் பிடிக்காது" என்று அழுதுகொண்டே இரண்டு கன்னத்திலும் ஒற்றினார்.

அண்ணன் என்னிடம் வந்தான். "இப்பவாச்சும் ஒரு போட்டா எடு. பொறவு எங்க போயி எடுப்ப?"

எல்லோரும் விலகி எனக்கு வழிவிட்டார்கள். அம்மா கழுவின முகத்தோடு, பவுடரோடு, விறைப்பாக, எனக்கு நேராக இருந்தாள். போனைத் தூக்கினேன். கை பழக்கதோஷத்தில் கீழே இறங்கியது. திரையில் அம்மாவின் பாதங்கள் வந்தன. இரண்டு கட்டைவிரலையும் சேர்த்து வெள்ளைத் துணியால் கட்டியிருந்தார்கள். சாமியானாவின் மஞ்சள் அதன் மேல் பட்டு வெளிச்சம் நன்றாக இருந்தது. அமுக்கினேன்.

"எடுத்துட்டியா?"

"எடுத்தாச்சு."

அது பொய் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை. நான் எடுக்கிறது அப்படித்தான். பிறகு பறைச் சத்தம் பலமாகி, ஆண்கள் அம்மாவைத் தூக்கிக்கொண்டு போனார்கள். பெண்கள் நாங்கள் வீட்டில் நின்றுகொண்டோம். வாசலிலிருந்து அடுப்படி வரை தண்ணீரை ஊற்றிக் கழுவிவிட்டார்கள். நானும் ஒரு குடம் ஊற்றினேன். பஸ் கிடைக்காமல் தாமதமாக வந்த ஒரு பெரியம்மா மாலையைக் கையில் வைத்துக்கொண்டு ஈரத்தில் நின்று, "எடுத்தாச்சா?" என்று கேட்டார். "எடுத்தாச்சுங்க பெரியம்மா" என்றேன்.

கருமாதிக்குப் பிளக்ஸ் அடிக்க வேண்டியிருந்தபோதுதான் விஷயம் வெளியே வந்தது. என் போனில் இருந்த பாதத்தைப் பார்த்துவிட்டு அண்ணன் விரலால் தள்ளித் தள்ளி முன்னும் பின்னும் தேடினான். பிறகு கேட்டான்: "ஊரான் வூட்டுச் சோளத்தையெல்லாம் எடுத்தியே, பெத்தவ மூஞ்சி ஒன்னு இல்லியா உன்கிட்ட?"

இல்லை. வேறு யாரிடமும் இல்லை. அண்ணன் போனில் இருந்தவை அந்தப் போன் தண்ணீரில் விழுந்தபோதே போய்விட்டன. கல்யாண ஆல்பங்களில் தேடினோம். தாலி இழந்தவள் என்று அம்மா எந்த மேடையிலும் ஏறி நின்றதில்லை. எங்காவது பந்தியோரத்தில் பாதித் தலை, தூண் மறைவில் ஒரு தோள், அவ்வளவுதான். கடைசியில் ஆதார் அட்டையை எடுத்துக்கொண்டு பிளக்ஸ் கடைக்குப் போனேன்.

"மூஞ்சி மட்டும் குடுங்கக்கா, மிச்சத்தை நான் பாத்துக்கறேன்" என்றார் கடைக்காரர். என்னிடம் மிச்சம்தான் மணிக்கணக்கில் இருந்தது.

அவர் பார்த்துக்கொண்டார். அம்மாவின் கழுத்துக்குக் கீழே ஊதாப் பட்டுச்சேலை வந்தது, இரட்டைவடச் சங்கிலி வந்தது, முதுகுக்குப் பின்னால் அருவி வந்தது. ஆதார் எடுக்கிற இடத்தில் வரிசையில் நின்று வியர்த்த முகத்தை வெளுப்பாக்கி, தாடையில் இருந்த மச்சத்தை அழுக்கு என்று நினைத்துத் துடைத்துவிட்டார். பஞ்சாயத்துத் தேர்தலுக்கு ஓட்டுக் கேட்க வந்தவள் மாதிரி அந்தப் பொம்பளை எங்கள் வாசலில் நின்றாள். கருமாதிக்கு வந்தவர்கள் நின்று பார்த்துவிட்டு, வாசகத்தைப் படித்து, சரியான வீடுதான் என்று தெரிந்துகொண்டு உள்ளே வந்தார்கள்.

கருமாதி முடிந்ததும் அண்ணன் பிளக்ஸைச் சுருட்டிப் பரணில் போட்டான். வீட்டில் மாட்டுவதற்குச் சுவரில் ஆணி அடித்து வைத்திருந்தான். "இந்தப் பொம்பளைய மாட்டி நான் கும்பிட மாட்டேன்" என்றான். "உன்கிட்ட அத்தனை வருஷத்துது இருக்குல்ல, தேடு. ஒரு நொடியாச்சும் எங்கயாவது திரும்பியிருக்கும். அந்த ஒரு நொடியை நிறுத்திப் போட்டா ஆக்கிக் குடு. வேற ஒன்னும் உன்கிட்ட கேக்கல."

சரி என்றேன். பெரம்பலூருக்குத் திரும்பி வந்து ஹார்ட் டிஸ்குகளை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். காலையில் அடுத்தவர் வீட்டு முகங்களுக்கு ரோஜா இதழ் தூவுவது, சாயங்காலம் அம்மா முகத்தைத் தேடுவது. சாதாரண வேலை போலத்தான் செய்தேன். வருத்தம் வரும் என்று எதிர்பார்த்தேன், வரவில்லை. முறம், மணை, கொல்லைக் கதவு, கொடியில் காயும் சேலை, முந்திரி மரத்தடி நிழல். ஒவ்வொன்றிலும் அம்மா இருந்தாள், முகம்தான் இல்லை. ஒரு இடத்தில் குனிந்து எழும்போது காதும் கன்னத்து ஓரமும் தெரிந்தன. பெரிதாக்கிப் பார்த்தேன், வெறும் புள்ளிகளாக உடைந்துபோனது.

என் படங்களில் நான் காமிராவில் பதியும் சத்தத்தை வைத்துக்கொள்வதில்லை. தனியாகக் காற்றையும் பறவையையும் பதிந்து வைத்துக்கொள்வேன். அதனால் மூலத்தில் என்ன பதிந்திருக்கிறது என்று இத்தனை வருஷமும் நான் கேட்டதில்லை. தேடுகிற வேகத்தில் ஒரு நாள் தவறுதலாகச் சத்தம் திறந்துகொண்டது.

"எடுக்கிறியா? இரு, மூஞ்சி கழுவிட்டு வந்துடறேன்."

அடுத்ததைத் திறந்தேன். அதிலும் இருந்தது. அதற்கடுத்ததிலும். ஏமாற்றி எடுத்த அந்தக் கைகளைத் தவிர, வீட்டில் எடுத்தது எல்லாவற்றின் தொடக்கத்திலும் அம்மா அதையே சொல்லிவிட்டு எழுந்து போகிறாள். தண்ணீர்ச் சத்தம், டப்பாச் சத்தம், நடந்து வரும் சத்தம். அவள் வாசற்படிக்கு வந்து சேர்வதற்குள் "எடுத்தாச்சு" என்று என் குரல் கேட்கிறது, படம் நின்றுவிடுகிறது. அந்தக் குரல் யாரோ அவசரக்காரியின் குரலாக இருந்தது. ஒன்றிலாவது அவள் வந்துவிடுவாள் என்று கடைசி வரைக்கும் திறந்து பார்த்தேன்.

அண்ணன் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தான். ரூமில் ஒரே நாற்காலிதான், அதில் உட்காரச் சொன்னேன். "கெடச்சுதா?" என்றான்.

"மூஞ்சி கெடைக்கலண்ணே. இதைக் கேளு."

ஒன்றன்பின் ஒன்றாகப் போட்டேன். முதல் இரண்டுக்கு அவன் சிரித்தான். "ஆமா, இதேதான் சொல்லும், ஆதாருக்குப் போனப்பவும் கார்ல ஏறாம இதைத்தான் சொல்லுச்சு" என்றான். பிறகு சிரிக்கவில்லை. திரையில் திறந்த கொல்லைக் கதவும் காலி மணையும் மட்டும் மாறி மாறி வந்தன. அவன் கொஞ்சம் கொஞ்சமாக முன்னால் சாய்ந்து கதவையே பார்த்துக்கொண்டிருந்தான், அம்மா இப்போது வந்துவிடுவாள் என்பது போல.

கடைசியாக இருந்ததில் நான் "எடுத்தாச்சு" என்று சொல்லிவிட்டு, போன் வந்ததால் காமிராவை நிறுத்தாமல் எழுந்து போயிருக்கிறேன். அது மட்டும் பேட்டரி தீர்கிற வரை இன்னும் கொஞ்சம் ஓடுகிறது. கொல்லையிலிருந்து அம்மா, வாயில் சோப்புத் தண்ணீர் புகுந்த குரலில், யாருக்கென்று இல்லாமல் சொல்கிறாள்:

"எடுத்தாச்சா? நான்தான் இன்னும் வல்லியே."

அண்ணன் எழுந்தான். "நிறுத்து" என்றான். "இரு, மூஞ்சி கழுவிட்டு வந்துடறேன்."

என்ன சொன்னோம் என்று அவனுக்கே தெரிந்திருக்காது. பாத்ரூமுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். குழாய் வெகுநேரம் ஓடியது. நான் படத்தை நிறுத்திவிட்டு அவன் வருவதற்காகக் காத்திருந்தேன். யாரும் மூஞ்சி கழுவிவிட்டு வரும்வரைக்கும் நான் காத்திருந்தது அதுதான் முதல் தடவை.

வந்தான். முகத்தைத் துடைக்கவில்லை, தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, இரண்டு கையையும் தொடைமேல் வைத்துக்கொண்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு, "ம், இப்பப் போடு" என்றான். அண்ணனுக்கு அம்மாவின் ஜாடை என்று ஊரில் எல்லோரும் சொல்வார்கள். நான் அதைக் கவனித்ததில்லை, முகம் பார்க்கிற வழக்கம் எனக்கு இல்லை. கழுவின நெற்றி, அகலமான மூக்கு, தாடையில் அதே இடத்தில் மச்சம். விறைப்பாக எனக்கு நேராக இருந்தது.

உடம்பு முழுக்க ஏறியிருந்த மரமரப்பு கன்னத்தில் முதலில் விட்டது.

"என்னா, போடு" என்றான் அண்ணன்.

"இருண்ணே" என்று எழுந்தேன். "நானும் மூஞ்சி கழுவிட்டு வந்துடறேன்."